மேற்படி கோல்கீப்பர்

அந்த டைப்பிஸ்டுக்கு நாற்பத்தெட்டு வயது. இருபத்தாறு வருடமாக ஒரே வக்கீலிடம் வேலை. வக்கீல் அறைக்குள் நடந்துகொண்டே சொல்லிக்கொண்டு போவார், இவள் அடித்துக்கொண்டு போவாள். அவர் வாக்கியத்தை முடிப்பதற்குள் இவள் முற்றுப்புள்ளி வைத்துவிட்டு அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டிருப்பாள். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. ஏன் என்று கேட்டவர்களிடம், "எனக்குச் சமமா கால்பந்து ஆடறவங்க யாரும் அமையல" என்பாள். கேட்டவர்கள் சிரித்துவிட்டு வேறு பேச்சுக்குப் போய்விடுவார்கள். அவள் பாதி உண்மையாகத்தான் சொல்லிக்கொண்டிருந்தாள்.

அவள் ஆடியது கம்ப்யூட்டரில். ஞாயிற்றுக்கிழமை மதியம் மூன்று மணிக்கு, வேறு ஊரில் குழந்தைகள் வார்டில் நர்ஸாக இருக்கும் தங்கையோடு. கல்யாணமாகிப் போவதற்கு முன்பு தங்கையும் அவளும் ஒரே கீபோர்டில் ஆடியவர்கள். ஒருத்திக்கு இடது பக்கம், ஒருத்திக்கு வலது பக்கம். தோளால் இடித்து, முழங்கையால் தள்ளி, கோல் வாங்கும் சமயம் பார்த்து மற்றவள் கையைக் கிள்ளி ஆடிய ஆட்டம் அது. பிரிந்த பிறகு இணையம் வழியாக ஆட ஆரம்பித்தார்கள். காதில் ஹெட்போன். தங்கை மகளின் பரீட்சை, மாமியாரின் முழங்கால் வலி, வார்டில் டாக்டர் கத்தியது எல்லாமே பந்து மைதானத்துக்கு வெளியே போயிருக்கும் சில நொடிகளில்தான் பேசப்படும். பந்து உள்ளே வந்துவிட்டால் பேச்சு அந்தரத்தில் நிற்கும். அடுத்த முறை பந்து வெளியே போகும்போது விட்ட இடத்திலிருந்து தொடரும். பதினான்கு வருடமாக இப்படித்தான்.

அந்த வருடம் கம்பெனி புதிய பதிப்பை வெளியிட்டது. பழைய பதிப்பை இணையத்தில் ஆட முடியாதபடி மூடியும் விட்டது. அவள் புதியதை வாங்கி, திறந்து, காத்திருந்தாள். திரையில் ஒரே ஒரு வரி வந்தது. தொடர்வதற்கு கன்ட்ரோலரை இணைக்கவும். அவள் என்டர் அடித்தாள். எஸ்கேப் அடித்தாள். பிறகு வரிசையாக எல்லா கீயையும் அடித்துப் பார்த்தாள். வரி அசையவில்லை.

"நீயும் ஒண்ணு வாங்கிக்கோயேன் அக்கா" என்றாள் தங்கை. "நான் வாங்கிட்டேன். சின்னதா ரெண்டு குச்சி இருக்கும். ரெண்டு கட்டைவிரல் இருந்தா போதும்."

"அப்போ மீதி எட்டு விரலையும் லீவுல அனுப்பிடவா?"

அடுத்த விடுமுறைக்கு வந்தபோது தங்கை தன் கன்ட்ரோலரையே கொண்டுவந்து கையில் கொடுத்தாள். டைப்பிஸ்ட் ஒரு மதியம் முழுக்க முயன்றாள். டைப் அடிப்பவர்களின் கட்டைவிரலுக்கு உலகத்தில் ஒரே ஒரு வேலைதான். சொல்லுக்கும் சொல்லுக்கும் நடுவே இடைவெளி விடுவது. அந்த வேலையைத் தவிர வேறு எதையும் அவள் கட்டைவிரல்களிடம் இருபத்தாறு வருடமாக யாரும் கேட்டதில்லை. இப்போது திடீரென்று முழு ஆட்டத்தையும் தூக்கி அவற்றின் தலையில் வைத்தால் என்ன செய்யும்? அவளுடைய வீரர்கள் பந்தை விட்டுவிட்டு விளம்பரப் பலகைகளில் போய் முட்டினார்கள். ஏழுக்கு பூஜ்யம். தங்கை சிரிக்காமல் இருக்க உதட்டைக் கடித்துக்கொண்டாள். சிரித்திருந்தால்கூடப் பரவாயில்லை என்று இவளுக்குத் தோன்றியது.

கம்பெனிக்குக் கடிதம் எழுதினாள். இரண்டு நிமிடத்தில் பதில் வந்துவிட்டது. தங்கள் கருத்து எங்களுக்கு மிகவும் முக்கியம், சிறந்த அனுபவத்துக்குக் கன்ட்ரோலரைப் பரிந்துரைக்கிறோம் என்றது பதில். அவள் அதை அச்செடுத்து 'பரிந்துரைக்கிறோம்' என்ற சொல்லைச் சிவப்பு மையால் வட்டமிட்டாள்.

"பரிந்துரைன்னா கேட்டாலும் கேக்கலாம், கேக்காமலும் விடலாம்" என்று தங்கையிடம் போனில் சொன்னாள். "இவங்க கதவைப் பூட்டிட்டு, வெளியில நிக்கறத பரிந்துரைக்கிறாங்க."

"அதுக்கு என்ன பண்ணப் போற?"

"தெரியல. ஆனா அந்தக் குச்சிய மட்டும் கையில எடுக்க மாட்டேன்."

தேடிப் பார்த்ததில், கதவுக்கு வெளியே நிற்பது அவள் மட்டும் இல்லை என்று தெரிந்தது. இணையத்தில் ஒரு மன்றம் இருந்தது. எல்லோரும் கீபோர்டில் ஆடிப் பழகியவர்கள். ஒருவர் பேக்கரிக்காரர். ஒருத்தி கைக்குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு ஆடுகிறவள். ஒரு மரவேலைக்காரருக்கு வலது கட்டைவிரலே கிடையாது, ரம்பம் கொண்டுபோய்விட்டது. யாரும் சொந்தப் பெயரில் இல்லை. அங்கே பல்லி என்ற பெயரில் ஒருவன், விளையாட்டோடு சேர்த்து ஓடவிடும் ஒரு குட்டி மென்பொருளைச் செய்து வைத்திருந்தான். பேட்ச் என்றார்கள், கிழிசலுக்கு வைக்கும் ஒட்டு மாதிரி. கீபோர்டில் அடிப்பதை அது கன்ட்ரோலரின் பாஷையில் விளையாட்டிடம் சொல்லும். விளையாட்டும் ஏமாந்து கதவைத் திறந்துவிடும்.

திறந்தது சரி. ஆனால் உள்ளே போனால் ஆட முடியவில்லை. குச்சியைக் கொஞ்சமாகச் சாய்த்தால் வீரன் நடப்பான், முழுதாகச் சாய்த்தால் ஓடுவான். கீயில் கொஞ்சம் என்பதே இல்லை, அழுத்தினால் அழுத்தினதுதான். அதனால் பதினொரு பேரும் நாய் துரத்துகிற மாதிரி எந்நேரமும் தலைதெறிக்க ஓடிக்கொண்டிருந்தார்கள். பல்லி அந்த இடத்தில் முட்டிக்கொண்டு நின்றிருந்தான்.

டைப்பிஸ்ட், பத்துவிரல் என்று பெயர் வைத்துக்கொண்டு மன்றத்தில் சேர்ந்தாள். மென்பொருள் எழுத அவளுக்குத் தெரியாது. விரல்களைத் தெரியும். எந்த விரல் எவ்வளவு சுமக்கும், எது சீக்கிரம் களைக்கும், எந்த இரண்டு சேர்ந்தால் தடுக்கிக்கொள்ளும் என்பதெல்லாம் அத்துப்படி. தினமும் வேலைக்குப் போகுமுன் அரை மணி நேரம் ஆடிப் பார்த்து, கண்டதை எழுதி அனுப்பினாள். அவளுக்குத் தெரிந்த ஒரே நடையில் எழுதினாள்.

பொருள்: வலது மூலையில் பந்து நின்றுவிடுவது தொடர்பாக. மேற்படி வீரர் மேற்படி மூலையை அடைந்த பின்னர், பந்தைக் கடத்த எடுத்துக்கொள்ளப்பட்ட நான்கு முயற்சிகளும் பலனளிக்கவில்லை. மேற்படி கோல்கீப்பர் இடத்தை விட்டு நகர மறுக்கிறார். தக்க நடவடிக்கை கோரப்படுகிறது.

பல்லி பதில் போட்டான்: "பத்துவிரல் ப்ரோ, இத படிச்சு டீய கீபோர்டுல கொட்டிட்டேன். அடிக்கடி எழுதுங்க." அவன் ஐஸ் தொழிற்சாலை ஒன்றில் கன்ட்ரோல் பேனல் மெக்கானிக். குளிர்ந்த சுவரில் ஒட்டிக்கொண்டே வாழ்க்கை ஓடுவதால் அந்தப் பெயர். ஒன்பதாவது அறிக்கையின் கடைசியில் அவள் ஒரு வரி சேர்த்தாள். 'பெறுநர் இதுவரை ப்ரோ என்று விளித்து வந்தது பிழை. அக்கா என்று திருத்தி வாசிக்கவும்.' அவன் அரை நாள் பதிலே போடவில்லை. பிறகு ஒரு சொல் வந்தது. "சரிக்கா."

நடையும் ஓட்டமும் பிரிந்தது அவளால்தான். பல்லி முதலில், கீயை எவ்வளவு நேரம் அழுத்துகிறோமோ அவ்வளவு வேகம் என்று வைத்துப் பார்த்தான். அது மாட்டு வண்டி மாதிரி மெதுவாகக் கிளம்பியது. அவள் எழுதினாள்: 'நேரத்தை அளக்க வேண்டாம். விரலுக்கு நேரம் தெரியாது, தாளம்தான் தெரியும். அழுத்திப் பிடித்தால் நடை. ஒரு தட்டு தட்டிவிட்டு அழுத்தினால் ஓட்டம். இவ்வளவுதான்.' இரண்டு நாளில் அவன் அதைச் செய்து அனுப்பினான். அவள் திறந்து, ஒரு தட்டு தட்டி அழுத்தினாள். இடது பக்கம் இருந்த வீரன் குனிந்து, பந்தைத் தள்ளிக்கொண்டு, கோடு போட்ட மாதிரி ஓடினான். கீயை விட்டு மறுபடி அழுத்தினாள். அவன் நடந்தான். நிதானமாக, கோயிலைச் சுற்றுகிற மாதிரி நடந்தான். அவள் நாற்காலியிலேயே பின்னால் சாய்ந்து உரக்கச் சிரித்தாள்.

வலது கையில் ஆள்காட்டி விரலுக்குப் பாஸ், நடுவிரலுக்கு ஷாட், மோதிர விரலுக்குத் தூக்கிப் போடுவது, சுண்டுவிரலுக்கு ஆளை மாற்றுவது. கட்டைவிரல் பழைய இடத்திலேயே ஸ்பேஸ் பாரில் உட்கார்ந்தது. எதிராளி காலிலிருந்து பந்தைப் பறிக்கப் பாய்வது அதன் பங்கு. முப்பத்தொன்றாவது அறிக்கைக்குப் பிறகு பேட்ச்சை எல்லோருக்குமாக வெளியிட்டார்கள். ஒரே மாதத்தில் ஆயிரக்கணக்கானவர்கள் எடுத்துக்கொண்டார்கள். மரவேலைக்காரர், தான் கோல் போட்ட வீடியோவை அனுப்பினார்.

அப்போதுதான் நோட்டீஸ் வந்தது. கம்பெனியின் சட்டப் பிரிவிலிருந்து மன்றத்துக்கு மின்னஞ்சல். அங்கீகாரமற்ற மேற்படி மென்பொருளை ஏழு நாளுக்குள் அகற்ற வேண்டும், தவறினால் கடுமையான சட்ட நடவடிக்கை எடுக்கப்படும்.

மன்றம் எறும்புப் புற்றில் தண்ணீர் ஊற்றின மாதிரி ஆயிற்று. பாதிப் பேர் கணக்கையே அழித்துவிட்டு ஓடினார்கள். பல்லி அவளை அழைத்தான். முதன்முறையாக அவன் குரலைக் கேட்டாள். நினைத்ததைவிடச் சின்ன குரல்.

"அக்கா, நான் எல்லாத்தையும் எடுத்துடறேன். எனக்கு வேலை போச்சுன்னா வீட்ல அஞ்சு பேரு சாப்பாட்டுக்கு நிப்பாங்க."

"எடுத்துடுங்க. அது உங்க முடிவு, நான் தப்பு சொல்ல மாட்டேன். ஃபைல மட்டும் எனக்கு அனுப்பிட்டு எடுங்க."

"நீங்க என்னக்கா பண்ணப் போறீங்க?"

"மொதல்ல அந்த நோட்டீஸ ஒழுங்கா படிக்கப் போறேன்."

படித்தாள். அவள் வாழ்க்கையில் எத்தனை நோட்டீஸ் அடித்திருப்பாள் என்று கணக்கே கிடையாது. பக்கத்து வீட்டு மரக்கிளையிலிருந்து பங்காளிச் சண்டை வரை எல்லாம் அவள் விரல் வழியாகப் போனவை. எது கடிக்கும், எது குரைப்பதோடு சரி என்பது முதல் பத்தியிலேயே தெரிந்துவிடும். இதில் எந்தச் சட்டம், எந்தப் பிரிவு என்று ஓரிடத்திலும் இல்லை. பேட்ச்சின் பெயரே தப்பு. கீழே கையெழுத்து இல்லை, 'சட்டக் குழு' என்று மட்டும் இருந்தது. அவளுக்குப் பயத்தைவிட எரிச்சல் வந்தது. இவ்வளவு பேரைப் பயமுறுத்துகிறவர்கள் கொஞ்சம் சிரமப்பட்டிருக்கலாம்.

மறுநாள் சாப்பாட்டு இடைவேளையில் அதை வக்கீலின் மேஜைமேல் வைத்தாள். அவர் கண்ணாடியை நெற்றிக்குத் தூக்கிவிட்டுப் படித்தார்.

"என்னம்மா இது, விளையாட்டா? உங்களுக்கா?"

"எனக்குத்தான் சார்."

"இந்த வயசுலயா?"

"உங்க வயசுல நீங்க தினம் செஸ் ஆடறீங்களே சார், அதுவும் என் கம்ப்யூட்டர்ல."

வக்கீல் இருமினார். மறுபடி படித்தார். "இத எழுதுனவன் ஒரு டைப்பிஸ்ட்கிட்டகூட காட்டல போலிருக்கே" என்றார். பிறகு கண்ணாடியை இறக்கினார். "பாருங்கம்மா, நோட்டீஸ் வெத்து நோட்டீஸ்தான். அதுக்காக கேஸே வராதுன்னு நான் சொல்ல மாட்டேன். பெரிய கம்பெனி. தோத்தாலும் அவங்களுக்கு ஒண்ணும் இல்ல. ஜெயிக்கறதுக்குள்ள உங்களுக்குத் தலை நரைச்சிடும்."

"நரைச்சாச்சு சார்."

"என் லெட்டர்பேடு தர முடியாது."

"கேக்கல சார். என் பேர்லயே போடறேன். ஒரே ஒரு சந்தேகம். விலாசம் குடுக்கணுமா?"

"குடுத்தா வீடு தேடி வருவாங்க. குடுக்கலேன்னா பதிலுக்கு மதிப்பில்ல."

அவள் தலையாட்டிவிட்டுத் தன் இடத்தில் போய் உட்கார்ந்தாள். அன்றுவரை அடித்த கடிதமெல்லாம் என் கட்சிக்காரர் என்று ஆரம்பிக்கும். இதை நான் என்று ஆரம்பித்தபோது விரல் ஒரு கணம் தயங்கியது. பிறகு ஓடியது. தங்கள் அறிவிப்பின் உள்ளடக்கம் முழுவதும் மறுக்கப்படுகிறது. எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவு மீறப்பட்டது என்று தெரிவிக்கவும். மேற்படி ஒட்டில் தங்கள் மென்பொருளின் ஒரு வரிகூட இல்லை. தங்கள் விளையாட்டை விலை கொடுத்து வாங்கியவர் மட்டுமே இதைப் பயன்படுத்த முடியும். நான் வாங்கிய பொருளை நான் வாங்கிய கீபோர்டால் தொடுகிறேன். பேட்ச் இன்றுமுதல் என் பெயரில் கிடைக்கும். அகற்ற மாட்டேன்.

கீழே முழுப்பெயர், கதவு எண், தெரு, தொலைபேசி எண். அதே பெயரிலேயே மன்றத்திலும் பேட்ச்சை ஏற்றினாள். கடிதத்தையும் பக்கத்திலேயே ஒட்டினாள். பத்துவிரல் என்ற பெயரை அழித்துவிட்டாள்.

தங்கை அன்று மாலையே போனில் பிடித்துக்கொண்டாள்.

"உனக்கு என்ன பைத்தியமா? ஒரு விளையாட்டுக்காக கோர்ட்டுப் படி ஏறுவியா?"

"நான் தினமும் கோர்ட்டுக்கு எதிர்லதான்டி உக்காந்திருக்கேன். ரோட்டக் கடந்தா படி."

"ஜோக் அடிக்காத. பேட்ச் வர்ற வரைக்கும் நாலு மாசம் ஞாயித்துக்கிழமைன்னா சும்மா உக்காந்திருந்தேன். என்கூட ஆடணும்னு நிஜமா இருந்திருந்தா நீ கன்ட்ரோலரப் பழகியிருப்ப. உனக்கு நான் முக்கியமில்ல, உன் வீம்புதான் முக்கியம்."

அவளுக்குச் சுருக்கென்றது. அதில் கொஞ்சம் உண்மை இருப்பது அவளுக்கே தெரியும்.

"வீம்புதான்" என்றாள். "ஆபீஸ்ல புது மெஷின் வந்தா பழகினேன். புது சாஃப்ட்வேர் வந்தா பழகினேன். எல்லாம் அவங்க சொன்ன மாதிரியே. உன்கூட ஆடறது ஒண்ணுதான்டி எனக்குன்னு வெச்சிருந்தேன். அதையும் எவனோ வந்து, இந்தக் கையால ஆடாதன்னா எப்படி விடறது?"

மறுமுனையில் வார்டின் சத்தம் கேட்டது. ஏதோ ஒரு குழந்தை அழுதது. "போன வெக்கிறேன், ஊசி போடணும்" என்றாள் தங்கை. கோபமாக வைத்தாளா இல்லையா என்று இவளுக்குத் தெரியவில்லை.

ஏழு நாள் போயிற்று. கதவை யார் தட்டினாலும் ஜன்னல் வழியாகப் பார்த்துவிட்டுத்தான் திறந்தாள். தண்ணீர் மீட்டர் பார்க்க வந்தவனை ஏற இறங்கப் பார்த்து அவனைக் கலங்கடித்தாள். கம்பெனியிடமிருந்து கடிதம் வரவில்லை. மன்றத்தில் அவள் பெயருக்குக் கீழே மரவேலைக்காரர் தன் பெயரையும் பட்டறை விலாசத்தையும் எழுதினார். பிறகு பேக்கரிக்காரர். அப்புறம் கைக்குழந்தைக்காரி. பதினோராவது ஆளோடு நின்றுவிட்டது. ஒரு டீமுக்கு அது போதும் என்று யாரோ எழுதினார்கள்.

கம்பெனி கடிதத்துக்குப் பதிலாக ஒரு அப்டேட் அனுப்பியது. அதைப் போட்டதும் பேட்ச் செத்துவிட்டது. திரையில் மறுபடி அதே வரி.

மதியம் பல்லி அழைத்தான். இந்தத் தடவை குரல் சின்னதாக இல்லை.

"அக்கா, லெட்டர் போட்டாங்க, பயந்தேன், ஒத்துக்கறேன். ஆனா இது என் வேலைக்கா. நாலஞ்சு மாசம் உக்காந்து செஞ்சத ஒருத்தன் வந்து ஒடச்சிட்டுப் போறான்."

"அதனால?"

"நாலு நாள் குடுங்க."

மூன்றே நாளில் அனுப்பினான். இம்முறை அவன் பெயரும் விலாசமும் அதில் இருந்தன. பன்னிரண்டாவது பெயர். கம்பெனி அடுத்த மாதம் மறுபடி உடைத்தது. இவர்கள் ஒட்டினார்கள். மறுபடி உடைத்தது, மறுபடி ஒட்டினார்கள். டைப்பிஸ்டின் அறிக்கை எண் அறுபதைத் தாண்டியது. வக்கீல்கூட, "என்னம்மா, இந்த வாரம் ஒடச்சாங்களா?" என்று கேட்க ஆரம்பித்தார். ஐந்தாவது தடவை இவர்கள் ஒட்டியது அப்படியே நின்றது. அடுத்த மாதம் அப்டேட் வந்தது, உடையவில்லை. அதற்கடுத்த மாதமும் உடையவில்லை. பல்லி நம்பாமல் ஒவ்வொரு மெனுவாகத் தடவிப் பார்த்தான்.

கடைசியில் கண்டுபிடித்தவள் தங்கை. ஒரு ஞாயிற்றுக்கிழமை மூன்று மணிக்குப் பத்து நிமிடம் இருக்கும்போது கூப்பிட்டாள். இருவரும் மறுபடி ஆட ஆரம்பித்து அதற்குள் ஆறு வாரமாகியிருந்தது.

"அக்கா, செட்டிங்ஸ்ல கடைசிப் பக்கம் போய்ப் பாரேன். புதுசா ஒரு வரி போட்டிருக்கான். கீபோர்டு பயன்பாட்டுக்கு கம்பெனி ஆதரவளிக்காது, பயன்படுத்துவோர் தம் சொந்தப் பொறுப்பில் செய்யலாம்னு. இது என்ன, மறுபடி மிரட்டறானா?"

டைப்பிஸ்ட் அந்தப் பக்கத்தைத் திறந்தாள். ஒவ்வொரு சொல்லாக, இரண்டு தடவை படித்தாள்.

"செய்யலாம்னு போட்டிருக்கான்டி" என்றாள்.

"அதான் படிச்சேனே."

"செய்யக் கூடாதுன்னு போடல. செய்யலாம். இது அவங்க வாயால சொன்னது." அவள் அந்தப் பக்கத்தை அச்சுக்கு அனுப்பினாள். மறுநாள் வக்கீலிடம் காட்ட ஒன்று, மரவேலைக்காரருக்குத் தபாலில் அனுப்ப ஒன்று. அச்சு இயந்திரம் முக்கிக்கொண்டிருக்கும்போதே தங்கை முதல் பாஸை அடித்துவிட்டாள்.

"ஏய், நான் இன்னும் ரெடியாகல!"

"சொந்தப் பொறுப்பில் ஆடு" என்றாள் தங்கை.

அன்று தங்கை நான்கு கோல் போட்டாள். இவள் மூன்று. கடைசி நிமிடத்தில் இவள் அடித்தது கம்பத்தில் பட்டு வெளியே போயிற்று. பந்து வெளியே கிடந்த அந்தச் சில நொடிகளில், அடுத்த விடுமுறைக்கு மகளோடு வருவதாகத் தங்கை சொன்னாள். இவள் சரி என்று சொல்லி முடிப்பதற்குள் பந்து உள்ளே வந்துவிட்டது.